இடது பக்கம், ஜெபக்கூடம் இருந்த இடம்

மே 2, வியாழன்

இருபத்திரண்டு வருஷமாக வியாழக்கிழமை என்றால் எனக்கு ஒரே ரோடுதான். பிக்கரிங்கில் வேனை எடுத்து, லோ கில்பெக், ஹை கில்பெக், மூர் என்கிற புதர்மேட்டின் உச்சியைத் தாண்டி ஸ்கார்தார்ப், கடைசியாக விட்பி கடற்கரை. வேன் நிறையப் புத்தகம். போன மார்ச்சோடு கவுன்சில் நடமாடும் நூலகத்தை நிறுத்திவிட்டது. நன்றி சொல்லி ஒரு அட்டையும் ஒரு பூத்தொட்டியும் கொடுத்தார்கள். பூ அடுத்த வாரமே வாடிவிட்டது.

இன்று காலையும் கை தானாகச் சாவி மாட்டும் ஆணிக்குப் போயிற்று. ஆணி இருக்கிறது, சாவி இல்லை. சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றேன், பைத்தியக்காரி மாதிரி.

ஸ்கார்பரோவிலிருந்து அக்கா பாலின் ஃபோன் பண்ணினாள். சூப்பர் மார்க்கெட்டில் ஆள் எடுக்கிறார்களாம். "உட்கார்ந்தே பாக்குற வேலைடி டெனிஸ். அம்பத்தேழு வயசுல வேற என்ன வேணும் உனக்கு?" என்றாள். எனக்கு என்ன வேண்டும் என்று அவளுக்குச் சொல்லவில்லை. எனக்கு என் வியாழக்கிழமை வேண்டும்.

மே 3, வெள்ளி

பழம் நழுவிப் பாலில் விழுமா? விழுகிற மாதிரி இருக்கிறது.

ரொட்டிக்கடையில் பாரி ஹார்லண்டைப் பார்த்தேன். சுற்றுலாப் பேருந்து வைத்திருக்கிறானே, அவன். கோடை வியாழக்கிழமைகளில் மூர் கிராமங்கள் வழியாக விட்பிக்கு ஒருநாள் பயணம் விடுகிறான். வழிகாட்டியாக இருந்த அம்மாள் முட்டிவலிக்கு வெயில் நல்லது என்று ஸ்பெயினுக்கே குடிபோய்விட்டாளாம்.

"பேசத் தெரிஞ்ச ஆள் வேணும் டெனிஸ்."

"என்னைப் பாத்தா ஊமை மாதிரியா இருக்கு?"

"உனக்கு பேட்ஜ் இல்லையேம்மா. பேட்ஜ் இல்லாத ஆள மைக்கு முன்னாடி உக்கார வச்சா என்னைத் தோலை உரிச்சிடுவாங்க."

வழிகாட்டி பேட்ஜுக்குத் தேர்வு ஓடுகிற பேருந்திலேயே நடக்கும். மூன்று தடவை போகலாம். மூன்றிலும் தோற்றால் இரண்டு வருஷம் பக்கத்திலேயே வரக்கூடாது. ஜூலை முடியும்வரை இடத்தை வைத்திருப்பதாகச் சொன்னான் பாரி. அதற்குள் நான் வாங்காவிட்டால் யார்க்கிலிருந்து ஜெஃப்ரி பெண்டில் என்று ஒருவர் வருகிறார், ஓய்வுபெற்ற சரித்திர வாத்தியார். அவர் ஜூலையில்தான் தேர்வுக்கு வருகிறாராம்.

சாப்பாட்டு மேஜையில் கீத்திடம் சொன்னேன். "ம்" என்றான். முப்பத்தைந்து வருஷமாக இந்தக் கல்லுளிமங்கனோடு குடித்தனம்.

மே 14, செவ்வாய்

தோற்றேன்.

இதில் என்ன பெரிய வித்தை, என் ரோடு, என் ஊர் என்று ஆழம் தெரியாமல் காலை விட்டேன். தேர்வாளர் மிஸ் ஓல்ட்ராய்ட். நேர்க்கோடு போட்டு வெட்டின முடி, மடியில் அட்டை, பென்சில். பயணிகளாக உட்கார்ந்தது பிக்கரிங் மாதர் சங்கத்துக் கூட்டம். ஓசிச் சவாரி என்றால் பனியிலும் வருவார்கள்.

மைக்கை வாங்கி நான் சொன்னது, ஞாபகம் இருக்கிற வரைக்கும்:

"இடது பக்கம் பாருங்க, அங்கதான் ஜெபக்கூடம் இருந்துச்சு. அதத் தாண்டி மெட் பண்ணையோட பெரிய கொட்டகை இருந்த இடம். வலது பக்கம் ஸ்கூல் இருந்த சந்து."

மிஸ் ஓல்ட்ராய்ட் பென்சிலை நிறுத்தினார். "மிசஸ் கார்பட், எதுதான் இருக்கு?"

பேருந்தே சிரித்தது. எனக்குக் காது வரை சூடு.

ஆனால் நாங்கள் இப்படித்தானே வழி சொல்வோம்! பழைய பாலுக்கடை இருந்த முக்கில் திரும்பு, டாப்சன் மரம் விழுந்ததே அங்கே நில். போன வருஷம் பார்சல் கொண்டுவந்தவன் இல்லாத பாலுக்கடையைத் தேடி இரண்டு மணி நேரம் சுற்றினான். அப்போதும் அவனுக்குத்தான் அறிவில்லை என்று பேசிக்கொண்டோம்.

அறிக்கையில் எழுதியிருக்கிறார்: "ஏழு இடங்களைக் காட்டினார். அவற்றில் ஐந்து இப்போது இல்லை. காலி வயலைப் பார்க்க யாரும் பயணம் வருவதில்லை."

அந்தக் காலி வயலில்தான் எனக்குக் கல்யாணம் ஆயிற்று. அதை எங்கே போய்ச் சொல்வேன்.

மே 15, புதன்

பாலினுக்கு எப்படியோ தெரிந்துவிட்டது. சூப்பர் மார்க்கெட்டில் சீருடை நன்றாக இருக்குமாம், பச்சை நிறம்.

ஜூன் 2, ஞாயிறு

புத்தி வந்தது. இருப்பதை மட்டும் சொல்வதாக முடிவு. பதினொரு பக்கம் எழுதி மனப்பாடம் செய்துகொண்டிருக்கிறேன். மடத்தின் இடிபாடு எந்த நூற்றாண்டு, ஹெதர் புதர் எந்த மாதம் பூக்கும், மூர் மேட்டின் பரப்பளவு எத்தனை சதுர மைல். கோழிகளுக்குத் தீனி போடும்போதுகூடச் சொல்லிப் பார்க்கிறேன். கோழிகள் தீனியை முடித்ததும் போய்விடுகின்றன. அதுவும் ஒரு விமரிசனம்தான்.

ஜூன் 18, செவ்வாய்

எழுதவே வெட்கமாக இருக்கிறது. எழுதாவிட்டால் நெஞ்சு வெடித்துவிடும்.

முதல் பத்து நிமிஷம் கிளிப்பிள்ளை மாதிரி ஒப்பித்தேன். தப்பில்லை. மிஸ் ஓல்ட்ராய்ட் ஒரு கொட்டாவியை அடக்கினதைப் பார்த்தேன், ஆனால் தப்பில்லை. அப்போது மூர் உச்சியில் பேருந்து நின்றது. ரோட்டை அடைத்துக்கொண்டு நாற்பது ஆடு படுத்திருக்கிறது. தார் சூடாக இருந்தால் அங்கேதான் படுக்கும். டிரைவர் ட்ரெவர் ஹாரன் அடித்தான். ஒன்றுகூடத் திரும்பிப் பார்க்கவில்லை.

இடது தோளில் சிவப்பு, பின்பக்கம் நீலம். கீத் தன் ஆடுகளுக்குப் பூசுகிற சாய அடையாளம். எங்கள் ஆடு!

அதற்கப்புறம் நான் யோசிக்கவில்லை. கதவைத் திறக்கச் சொல்லிக் கீழே குதித்தேன். கோட்டைக் கழற்றி வீசிக்கொண்டு போய் ஒவ்வொன்றாக எழுப்பினேன். எழுப்பும்போது நாலு வார்த்தை சொன்னேன். ஆட்டைச் சொன்னேன், ஆட்டின் அம்மாவைச் சொன்னேன், அதை வளர்த்த கடன்காரனைச் சொன்னேன். மூன்று நாளாக வேலியைச் சரிபண்ணு சரிபண்ணு என்று தொண்டை கிழியக் கத்தினேனே, காதில் விழுந்ததா அந்த மரமண்டைக்கு என்று கேட்டேன். இன்னும் சில சொன்னேன். அவற்றை இந்த நோட்டில்கூட எழுதமாட்டேன்.

திரும்பி ஏறினால் பேருந்து முழுக்கக் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரிக்கிறது. வயரில்லாத மைக் என் சட்டைக் காலரில் மாட்டியிருந்தது. அணைக்கவில்லை.

மாதர் சங்கத்து மிசஸ் டௌசன் என் கையைப் பிடித்துக்கொண்டு, "டெனிஸு, வேலியப் பத்திச் சொன்னியே, அத அப்படியே என் வீட்டுக்காரர்கிட்டயும் வந்து சொல்லும்மா" என்றாள்.

அறிக்கை: "பயணிகளை விட்டுவிட்டு இறங்கினார். மொழி பொருத்தமற்றது. இறங்கும்வரை ஒப்பித்தார், பேசவில்லை."

இரண்டு போயிற்று. இனி ஒன்றுதான்.

கீத்துக்கு ஊரே சொல்லியிருக்கிறது. டீயை ஆற்றிக்கொண்டே கேட்டான்: "என் ஆட்டத் திட்டினியாமே?"

"உன்னையும் சேத்துத்தான்."

"ம். வேலிய நாளைக்குப் பாக்குறேன்."

ஜூன் 19, புதன்

வேலி சரியாகிவிட்டது. முப்பத்தைந்து வருஷத்தில் எனக்கு ஒரு மைக் கிடைத்திருந்தால் வீடே வேறு மாதிரி இருந்திருக்கும்.

ஜூலை 1, திங்கள்

பாரி வழியில் நிறுத்தினான். பெண்டில் யார்க்கில் எல்லாரையும் அசத்திக்கொண்டிருக்கிறாராம். "உனக்குத்தான் மொத இடம்னு சொன்ன வாக்கு வாக்குதான் டெனிஸ். ஆனா ஜூலை தாண்டினா என் கையில இல்லம்மா" என்றான். பல்லைக் கடித்துக்கொண்டு சிரித்தேன்.

பயமாக இருக்கிறது. சூப்பர் மார்க்கெட் வேலை ஒன்றும் கேவலம் இல்லை, பாலினே பதினைந்து வருஷம் பார்த்தாள். ஆனால் நான் அந்த ரோட்டை வாரம் ஒரு தடவை பார்க்காமல் இருந்ததில்லை. இப்போது பதின்மூன்று வாரமாக வெறும் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். மெல்ல மெல்ல ஆணியில் இல்லாத சாவி மாதிரி ஆகிவிடுவேனோ?

ஜூலை 7, ஞாயிறு

கீத்தின் வண்டியை எடுத்துக்கொண்டு பயிற்சிக்குப் போனேன். பயணி வேண்டும் என்று அவனையும் இழுத்துப் போட்டுக்கொண்டேன். ஹை கில்பெக் தாண்டுவதற்குள் தொப்பியை முகத்தில் கவிழ்த்துக்கொண்டு சாய்ந்துவிட்டான். நான் சதுர மைலைச் சொல்லிக்கொண்டே ஓட்டினேன்.

திடீரென்று தொப்பிக்கு அடியிலிருந்து குரல். "பெக்கி கல்லு வந்துருச்சு. ஏன் சொல்லல?"

பார்த்தால் உண்மையிலேயே பெக்கி கல் பக்கத்தில் நிற்கிறது. வெள்ளையடித்த குட்டைக் கல். போகிறவர்கள் தின்பதற்கு ஏதாவது வைத்துவிட்டு, முன்னால் வந்தவர் வைத்ததை எடுத்துக்கொண்டு போகவேண்டும். எத்தனை நூறு வருஷமோ.

"கண்ண மூடிட்டு உனக்கு எப்படித் தெரியும்?"

"ஒடம்புக்குத் தெரியும். ஒனக்குந்தான் தெரியும். அந்தக் காகிதத்தப் பாத்துக்கிட்டு இருந்தா எங்க தெரியப்போவுது."

இந்த வருஷத்தில் அவன் பேசின மிக நீளமான பேச்சு. இறங்கி ஒரு துண்டு சீஸை வைத்தான், யாரோ வைத்திருந்த சாக்லேட்டை எடுத்துக்கொண்டான். பாதியை எனக்குத் தந்தான்.

ஜூலை 15, திங்கள்

நாளை. கோட்டைத் தேய்த்து வைத்தாயிற்று. பதினொரு பக்கத்தையும் எடுத்து வைத்தாயிற்று.

ஜூலை 16, செவ்வாய்

முதலிலிருந்து எழுதுகிறேன்.

பிக்கரிங்கில் நல்ல வெயில். ஜெஃப்ரி பெண்டில் பட்டு டை கட்டிக்கொண்டு வந்திருந்தார். கர்வம் பிடித்த ஆளாக இருப்பார், வசதியாக வெறுக்கலாம் என்று நினைத்திருந்தேன். ஆனால் மனுஷர் என்னைவிட வெளிறிப்போய், "உங்களுக்கும் வயித்தக் கலக்குதா?" என்று கேட்டார். அந்தச் சந்தோஷமும் போயிற்று.

முதல் பாதி அவருக்கு, மூர் உச்சி வரை. இரண்டாம் பாதி எனக்கு, உச்சியிலிருந்து விட்பி வரை. பெண்டில் நன்றாகப் பேசினார், மடங்களையும் மன்னர்களையும் வரிசையாக நிறுத்தினார். சொல்வது முன்னால், இடம் வருவது பின்னால், ஒரு நொடி பிசகவில்லை. மிஸ் ஓல்ட்ராய்ட் தலையை ஆட்டினார். அவர் தலையை ஆட்டி நான் பார்த்ததே இல்லை.

உச்சி வளைவில் பேருந்து திரும்பியது. எதிரே வெள்ளைச் சுவர்.

கடல்மூட்டம். உள்நாட்டில் வெயில் கொளுத்தும்போதுதான் கடலிலிருந்து ஏறி வந்து மூடும். ட்ரெவர் விளக்கைப் போட்டு நடை வேகத்துக்கு வந்தான். "போச்சுடா! என் வைப்பரையே நான் பாக்க முடியல" என்றான். ஜன்னலுக்கு வெளியே ரோட்டோரப் புல் ஒரு முழம். அதற்கப்புறம் ஒன்றுமில்லை.

என் பாதி!

மிஸ் ஓல்ட்ராய்ட் என் பக்கம் குனிந்தார். இன்றுதான் அவர் குரலில் கொஞ்சம் ஈரம். "மிசஸ் கார்பட், இது உங்க தப்பு இல்ல. தள்ளி வச்சுக்கலாம், இத ஒரு முயற்சியாக் கணக்குல எடுக்க மாட்டோம். அடுத்த தேதி செப்டம்பர்ல."

செப்டம்பரில் கோடை முடிந்திருக்கும். பட்டு டை என் இடத்தில் உட்கார்ந்திருக்கும். தள்ளிவைக்க வேண்டாம் என்றால் இதுவே கடைசி முயற்சி. நெஞ்சு அடித்ததில் கோட்டுப் பொத்தானே ஆடியிருக்கும்.

"மைக்கக் குடுங்க" என்றேன்.

கொடுத்தார்கள். காகிதத்தைப் பார்த்தேன். முதல் வரி: "வலது பக்கம் கண்ணுக்கெட்டிய தூரம் வரை." கண்ணுக்கு எட்டியது ட்ரெவரின் பிடரி. யாரோ தொண்டையைச் செருமினார்கள். இருபத்திரண்டு வருஷம் ஓட்டின ரோடு, ஒரு வார்த்தை வரவில்லை. அழுதுவிடுவேன் என்று நினைத்தேன்.

அப்போது பின்சக்கரம் லேசாக ஒரு பள்ளத்தில் இறங்கி ஏறியது. இடது பக்கம், ஒரே ஒரு குலுக்கல்.

உடம்புக்குத் தெரிந்தது.

"எல்லாரும் கைப்பையக் கெட்டியாப் பிடிச்சுக்குங்க" என்றேன். "இப்ப வலது பக்கமா ஒரு வளைவு வருது. இதுக்குப் பேரு காதல் கதை வளைவு."

வளைவு வந்தது. மிசஸ் டௌசனின் பை அந்தப் பக்கத்திலிருந்து இந்தப் பக்கம் வரை வழுக்கிக்கொண்டு போயிற்று. "அய்யய்யோ, என் சாண்ட்விச்!" என்றாள்.

காகிதத்தை மடித்து அதன்மேலேயே உட்கார்ந்துகொண்டேன். அதற்கப்புறம் நான் ஒப்பிக்கவில்லை. புத்தக வேனில் இந்த வளைவில் காதல் கதை அலமாரி மட்டும் சரியும், அதைச் சொன்னேன். ஒவ்வொரு வியாழனும் நான் கீழே கிடந்த முத்தங்களைப் பொறுக்கி அடுக்குவேன் என்று சொன்னேன். அடுத்த வளைவில் சமையல், அதற்கடுத்ததில் கொலை. "கொலை வளைவு கொஞ்சம் செங்குத்து, முன் சீட்டப் பிடிச்சுக்குங்க."

பிடித்துக்கொண்டார்கள். வளைவு வந்தது.

"இப்ப அஞ்சு எண்ணுங்க. அஞ்சுல ஆட்டுக் கம்பி." ஆடு தாண்டாமல் இருக்க ரோட்டில் பதித்த இரும்புக் கம்பிகள். பேருந்தே எண்ணியது, ஒண்ணு, ரெண்டு. மூணில் எனக்கே திக்கென்றது, ட்ரெவர் இவ்வளவு மெதுவாகப் போகிறானே, ஆறாகிவிட்டால்? நாலு. அஞ்சு. கடகடகடவென்று சக்கரத்துக்கு அடியில் கம்பி ஓடியது. மாதர் சங்கம் கைதட்டியது. பெண்டிலும் தட்டினார், பட்டு டை ஆட ஆட.

ஜன்னலைத் திறக்கச் சொன்னேன். மூட்டத்துக்குள்ளிருந்து ஒரு இருமல் கேட்டது. "யாரோ கிழவன் சிகரெட் பிடிக்கிறான்னு நெனைக்காதீங்க, அது ஆடு. அநேகமா எங்க வீட்டு ஆடு. இன்னைக்கு நான் திட்டப் போறதில்ல." சிரிப்பு அடங்க நேரமாயிற்று.

பெக்கி கல்லில் ட்ரெவரை நிறுத்தச் சொன்னேன். ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டு வரிசையாக இறங்கினோம், நாலு அடி தள்ளிக் கல் வெள்ளையாக நின்றது. ஆளுக்கு ஏதோ வைத்தார்கள். மிசஸ் டௌசன் நசுங்கின சாண்ட்விச்சை வைத்தாள். மிஸ் ஓல்ட்ராய்ட் கடைசியாக இறங்கி, பையைத் துழாவி ஒரு மிட்டாயை வைத்தார். யாரோ வைத்த பழக் கேக்கை எடுத்துக்கொண்டு, யாரும் பார்க்கவில்லை என்று நினைத்து அப்போதே தின்றார்.

அப்புறம் ஸ்கார்தார்ப். இடது பக்கம் அந்த வயல்.

சொல்லாதே என்றது புத்தி. காலி வயலைப் பார்க்க யாரும் வருவதில்லை. ஆனால் ஜன்னலில் எல்லாமே வெள்ளை. இருப்பது எது, இல்லாதது எது?

"இடது பக்கம் ஒரு ஜெபக்கூடம்" என்றேன். "தகரக் கூரை. இடிச்சு இருபத்தஞ்சு வருஷம் ஆச்சு. இன்னைக்கு அது இருந்தாலும் ஒங்களுக்குத் தெரியாது, இல்லன்னாலும் தெரியாது. அதனால இன்னைக்கு மட்டும் அது இருக்கட்டும். அக்டோபர் மாசம், அங்கதான் எனக்குக் கல்யாணம். அன்னைக்கு மழைன்னா மழை, தகரத்துல அடிக்கிற சத்தத்துல ஒண்ணும் கேக்கல. போதகர் கீத்தக் கேக்குறாரு, இந்தப் பெண்ணை ஏத்துக்கச் சம்மதமான்னு. அவன் சொன்னது யாருக்கும் கேக்கல. ரெண்டாந்தடவை கேட்டாரு. அப்பவும் கேக்கல. எங்கம்மா கைப்பைய மூடிட்டு எந்திரிச்சிட்டா. மூணாந்தடவை, கூரையே அதிர்ற மாதிரி கத்தினான் பாருங்க, 'சம்மதம்!'னு. வெளியில நின்ன குதிரை மிரண்டு ஓடிப்போச்சு. அவன் வாழ்க்கையில கத்திப் பேசினது அந்த ஒரு தடவைதான். அதோட சரி."

எல்லாரும் வெள்ளை ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பென்சில் ஓடவில்லை.

விட்பியிலும் மூட்டம் விலகவில்லை. பாலம் திறக்கிற மணிச் சத்தத்தைச் சொன்னேன், புகையில் வாட்டும் மீனின் வாசனை எந்தச் சந்திலிருந்து வருகிறது என்று சொன்னேன். கடல் எங்கே என்று ஒருத்தி கேட்டாள். "வாயத் தொறந்து நாக்க நீட்டுங்க" என்றேன். நீட்டினார்கள். உப்பு.

திரும்பும்போது மூட்டம், துரோகி, பளிச்சென்று விலகிவிட்டது. "அதோ பெக்கி! அதோ கொலை வளைவு!" என்று பழைய சிநேகிதர்களைப் பார்த்த மாதிரி பேருந்து முழுக்கக் கத்தல். ஸ்கார்தார்ப் வந்ததும் மிஸ் ஓல்ட்ராய்ட் கண்ணாடியைக் கைக்குட்டையால் துடைத்தார். "அந்த வயல் எது?" என்று கேட்டார். காட்டினேன். அது மறையும்வரை பார்த்துக்கொண்டே வந்தார்.

முடிவு பத்து நாளில் தபாலில் வருமாம். மிஸ் ஓல்ட்ராய்ட் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

ஜூலை 17, புதன்

கீத் ரோமம் கத்தரித்துக்கொண்டிருந்தான். "எப்படி?" என்றான். தெரியவில்லை என்றேன். "ம்" என்றான். பிறகு கத்தரியை நிறுத்திவிட்டு, "குதிரை மிரளல. அது மொதல்லயே கட்டு அவுந்து கெடந்துச்சு" என்றான்.

ஊரில் எதுதான் ரகசியம்!

ஜூலை 22, திங்கள்

தபால் இல்லை.

ஜூலை 24, புதன்

தபால் இல்லை. தபால்காரன் என்னைப் பார்த்ததும் தெருவின் அந்தப் பக்கம் மாறிப் போகிறான்.

ஜூலை 26, வெள்ளி

வந்தது! வந்தது! வந்தது!

முழுசாக இங்கே எழுதி வைக்கிறேன்: "பயணத்தின்போது இவர் குறிப்பிட்ட எதையும் ஜன்னல் வழியே காண இயலவில்லை. திரும்பும் வழியில் சரிபார்த்ததில், ஒன்றைத் தவிர அனைத்தும் அவர் சொன்ன இடத்தில் இருந்தன. அந்த ஒன்றையும் நான் பார்த்தேன். தேர்ச்சி."

அடுப்பங்கரையில் நின்று ஓவென்று அழுதேன். அழுதுகொண்டே சிரித்தேன். கோழிகளுக்கு இரண்டு மடங்கு தீனி. பாரிக்கு ஃபோன் பண்ணினேன், "இடம் ஒனக்குத்தான்மா, வாக்கு வாக்குதான்" என்றான். பாலினுக்கு ஃபோன் பண்ணி, பச்சை எனக்கு எடுபடாது என்று மட்டும் சொல்லி வைத்துவிட்டேன். அப்பாடா, எத்தனை சுகம்!

பெண்டிலும் தேறிவிட்டார். அவருக்கு ஞாயிற்றுக்கிழமை மடங்களைக் கொடுத்திருக்கிறான் பாரி. வீட்டுக்கு ஃபோன் பண்ணி, அந்தக் கம்பிக்கு எந்த இடத்தில் எண்ண ஆரம்பிப்பது என்று கேட்டார். சொல்லிக்கொடுத்தேன். நாலு தடவை திருப்பிக் கேட்டார், வாத்தியார் அல்லவா.

பேட்ஜைப் பார்த்துவிட்டுக் கீத் சொன்னான்: "பரவால்ல."

எங்கள் ஊரில் இதற்கு மேல் வார்த்தை கிடையாது.

ஆகஸ்ட் 15, வியாழன்

வியாழன்.

பேருந்தில் ஒரு சீட் காலியில்லை. லீட்ஸிலிருந்து மூன்று குடும்பம், சண்டர்லண்டிலிருந்து செவிலிகள் எட்டுப் பேர், பேசாத ஒரு டச்சுத் தம்பதி. மிசஸ் டௌசன் தன் வீட்டுக்காரரோடு. கடைசி சீட்டில், கல்யாணத்துக்கும் சாவுக்கும் மட்டும் போடுகிற கோட்டைப் போட்டுக்கொண்டு, கீத். முந்தாநாள் தானே போய் டிக்கெட் எடுத்திருக்கிறான். என்னிடம் சொல்லவில்லை. "ஆடு?" என்றேன். "வேலி நல்லா இருக்கு" என்றான்.

மூட்டம் இல்லை. ஹெதர் பூத்து மூர் முழுக்க ஊதா. காட்டுகிற வேலையே இல்லை, அதுவே காட்டிக்கொண்டது. காதல் கதை வளைவில் செவிலிகள் வேண்டுமென்றே ஒருவர்மேல் ஒருவர் சரிந்தார்கள். கம்பிக்கு எண்ணும்போது டச்சுக்காரர் தன் பாஷையில் எண்ணினார், அஞ்சில் சரியாக வந்து சேர்ந்தார்.

ஸ்கார்தார்ப். இந்தத் தடவை மறைக்க ஒன்றுமில்லை. பட்டப்பகல், பச்சை வயல், நாலு முள்செடி. யாராவது சிரித்துவிடுவார்களோ என்று ஒரு நிமிஷம் நினைத்தேன். பிறகு மைக்கை வாய்க்குக் கிட்டே வைத்துக்கொண்டேன்.

"இடது பக்கம், ஜெபக்கூடம் இருந்த இடம்."

ஐம்பது தலை திரும்பியது. காலி வயலைப் பார்த்தார்கள். நான் தகரக் கூரையைச் சொன்னேன், மழையைச் சொன்னேன், போதகர் கேட்டதைச் சொன்னேன், ஒரு தடவை, இரண்டு தடவை. "மூணாந்தடவை கேட்டாரு, இந்தப் பெண்ணை ஏத்துக்கச் சம்மதமான்னு." இங்கே ஒரு மூச்சு எடுத்துக்கொண்டேன்.

அந்த மூச்சுக்குள் கடைசி சீட்டிலிருந்து, கண்ணாடியெல்லாம் அதிர்கிற மாதிரி:

"சம்மதம்!"

ட்ரெவர் பிரேக்கை மிதித்துவிட்டான். பேருந்து ஒரு விநாடி மலைத்துப்போய், பிறகு கூரை பிய்ந்துகொள்கிற மாதிரி கைதட்டியது. செவிலிகள் எழுந்து நின்று விசில் அடித்தார்கள். மிசஸ் டௌசன் தன் வீட்டுக்காரரை முழங்கையால் ஒரு இடி இடித்தாள். கீத் தொப்பியை முகத்தில் கவிழ்த்துக்கொண்டான். காது மட்டும் வெளியே தெரிந்தது, அது சிவப்பு.

விட்பி இறக்கம் வரை மைக் என் மடியிலேயே இருந்தது. ஏன் என்று யாரும் கேட்கவில்லை.

ஆகஸ்ட் 29, வியாழன்

மூன்றாவது பயணம். சீட் நிறைந்தது. கீத் வரவில்லை, ஆட்டுச் சந்தை. ஸ்கார்தார்ப்பில் அந்த வயல் வரும்போது நான் சொல்லாமலே ட்ரெவர் வேகத்தைக் குறைக்கிறான்.